காணாமல்போன மாவட்டத்தில் பிறந்த மாப்பிள்ளை

சென்ற இதழில் வேறொரு கேள்விக்குப் பதில் சொல்லும்போது, நான் துணி நுட்பம் படிக்கப் போய் ஒன்பது வருஷம் கெம்னிட்ஸில் இருந்ததை ஒரே வரியில் எழுதியிருந்தேன். கிழக்கு ஜெர்மனி என்று ஒரு நாடு இருந்தபோது அந்த ஊருக்கும் அதன் மாவட்டத்துக்கும் வேறு பெயர். அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு இத்தனை கடிதங்கள் வரும் என்று எதிர்பார்க்கவில்லை. இந்த இதழ் முழுக்க அந்தக் கேள்விகளுக்கே.

கேள்வி: என் மகள் ஜெர்மனியில் வேலை பார்க்கிறாள். உடன் வேலை பார்க்கும் பையனை விரும்புகிறாள். நாங்களும் சம்மதித்துவிட்டோம். பையன் 1988-ல் பிறந்தவர். பாஸ்போர்ட்டில் பிறந்த ஊர் 'கார்ல்-மார்க்ஸ்-ஷ்டாட்' என்று இருக்கிறது. வரைபடத்தில் தேடினால் அப்படி ஓர் ஊரே இல்லை. என் தம்பி, "பாஸ்போர்ட்டே போலியாக இருக்குமோ" என்கிறார். பையனைக் கேட்டால் சிரிக்கிறார். கல்யாணப் பதிவுப் படிவத்தில் எந்த ஊரை எழுதுவது?
*— ஒரு வாசகி, விருதுநகர்*

முதலில் உங்கள் தம்பியை நிம்மதியாகத் தூங்கச் சொல்லுங்கள். பாஸ்போர்ட் அசல்தான். பையன் பிறந்த ஊரும் அசல்தான். அவர் பிறந்து இரண்டு வருஷத்தில் அந்தப் பெயரும், அந்த மாவட்டமும், அந்த நாடும் ஒன்றன்பின் ஒன்றாகப் போய்விட்டன. அவ்வளவுதான்.

படிவத்தில் பாஸ்போர்ட்டில் உள்ளதை எழுத்துக்கு எழுத்து அப்படியே எழுதுங்கள். "இப்போதைய பெயர்தானே சரி" என்று நீங்களாகத் திருத்தப் போனால், இரண்டு ஆவணத்தில் இரண்டு ஊர் என்று அலைய வேண்டிவரும். தனியாக விளக்கம் கேட்டால் மட்டும் "இன்றைய கெம்னிட்ஸ்" என்று சொல்லுங்கள்.

சரி, இனி கதை. இரண்டாம் உலகப் போருக்குப் பின் கிழக்கு ஜெர்மனியில் ஐந்து மாநிலங்கள் இருந்தன. அவற்றில் ஒன்று சாக்ஸனி. 1952 ஜூலையில் ஒரு சட்டம் போட்டு அந்த ஐந்தையும் ஓரங்கட்டிவிட்டு, நாட்டைப் பதினான்கு மாவட்டங்களாக வெட்டினார்கள். 'பெட்ஸிர்க்' என்பது அவர்கள் வார்த்தை. மாநிலம் என்று இருந்தால் அதற்கு ஒரு பழைய பெருமை, தனி நினைப்பு எல்லாம் இருக்கும். பெர்லினில் போடும் திட்டம் தடங்கலில்லாமல் கீழே இறங்க அது இடைஞ்சல். சாக்ஸனி மூன்று துண்டானது: டிரெஸ்டன், லைப்சிக், கெம்னிட்ஸ். மறு வருஷம், 1953 மே 10-ம் தேதி, கெம்னிட்ஸ் நகரத்துக்குக் கார்ல்-மார்க்ஸ்-ஷ்டாட் என்று பெயர் மாற்றினார்கள். மாவட்டத்துக்கும் அதே பெயர். 'ஷ்டாட்' என்றால் நகரம்.

அந்த மாவட்டம் பரப்பில் ஏறக்குறைய 6,000 சதுர கிலோமீட்டர், நம் திண்டுக்கல் மாவட்டம் அளவுதான். ஆனால் பதினான்கு மாவட்டங்களிலும் ஜனம் அதிகம் இங்கேதான். எண்பதுகளில் பத்தொன்பது லட்சத்தை ஒட்டி. திரும்பின பக்கமெல்லாம் ஆலை. ட்ஸ்விக்காவில் கார், ட்ஷோப்பாவில் மோட்டார் சைக்கிள், பிளாவனில் லேஸ், கிளிங்கன்டாலில் அக்கார்டியன், நகரத்துக்குள்ளே துணி ஆலை இயந்திரங்கள். அந்தப் பக்கத்தில் பழைய சொலவடை ஒன்று உண்டு: கெம்னிட்ஸ் உழைக்கும், லைப்சிக் விற்கும், டிரெஸ்டன் செலவழிக்கும். கோயம்புத்தூர்க்காரர்களுக்கு இதைத் தனியாக விளக்க வேண்டியதில்லை.

என் எதிர்வீட்டில் ஒரு பாட்டி இருந்தார். பாட்டியை அங்கே 'ஓமா' என்பார்கள். நானும் அப்படித்தான் கூப்பிட்டேன். ஒரு நாள் அவர் சமையலறை மேஜையில் மூன்று பிறப்புச் சான்றிதழ்களை வரிசையாக விரித்துக் காட்டினார். அவருடையது, மகளுடையது, பேத்தியுடையது. மூவரும் ஒரே ஊரில் பிறந்தவர்கள். முதல் தாளில் கெம்னிட்ஸ், இரண்டாவதில் கார்ல்-மார்க்ஸ்-ஷ்டாட், மூன்றாவதில் மறுபடி கெம்னிட்ஸ். நடுத்தாளை விரலால் தட்டி, "இவள் மட்டும் வெளியூர்க்காரி" என்றார். உங்கள் மாப்பிள்ளை அந்த நடுத்தாளின் வரிசை. முப்பத்தேழு வருஷம் அந்த ஊரில் பிறந்த எல்லாரும் அதே வரிசைதான்.

கேள்வி: கார்ல் மார்க்ஸ் அந்த ஊரில் பிறந்தாரா, வாழ்ந்தாரா?
*— ஓய்வுபெற்ற ஆசிரியர், பாளையங்கோட்டை*

இரண்டும் இல்லை ஐயா. பிறந்தது டிரியரில், ஜெர்மனியின் மேற்குக் கோடியில். கெம்னிட்ஸில் அவர் காலே வைத்ததில்லை. 1953-ஐ மார்க்ஸ் ஆண்டாகக் கொண்டாடினார்கள், அதையொட்டி வந்த பெயர். அதுகூட முதலில் இந்த ஊருக்கென்று நினைத்த பெயர் இல்லை. போலந்து எல்லையில் ஓடர் ஆற்றங்கரையில் புதிதாகக் கட்டிய இரும்பாலை ஊருக்குத்தான் வைப்பதாக இருந்தார்கள். அந்த மார்ச்சில் ஸ்டாலின் இறந்தார். இரும்பாலை ஊர் ஸ்டாலின்ஷ்டாட் ஆயிற்று, மார்க்ஸ் கெம்னிட்ஸுக்கு வந்து சேர்ந்தார்.

கெம்னிட்ஸ் என்ற பழைய பெயர் அந்த ஊர் ஆற்றின் பெயர். ஸ்லாவிய மொழியில் கல் நிறைந்த ஓடை என்று பொருள். நம் ஊர்ப்பக்கம் கல்லாறு என்கிறோமே, அதேதான். ஆற்றின் பெயரை மட்டும் யாரும் மாற்றவில்லை.

கேள்வி: ஜெர்மனியில் இருக்கும் மருமகள் இரண்டு மர பொம்மைகள் அனுப்பியிருக்கிறாள். ஒன்று இறக்கை வைத்த தேவதை, இன்னொன்று கறுப்பு உடை போட்ட சிப்பாய் மாதிரி. இரண்டின் கையிலும் மெழுகுவத்தி செருக இடம் இருக்கிறது. பெட்டியில் 'சைஃபென்' என்று போட்டிருக்கிறது. நீங்கள் சொன்ன ஊர்ப்பக்கம்தானா? கொலுவில் வைக்கலாமா?
*— ஒரு வாசகி, மதுரை*

தாராளமாக வையுங்கள், பொருத்தமான இடம்தான். சைஃபென் அந்த மாவட்டத்தின் தென்கிழக்கே, செக் எல்லையை ஒட்டிய மலைக் கிராமம். சுரங்கத்தில் வருமானம் குறைந்த காலத்தில் அங்கே வீட்டுக்கு வீடு கடைசல் பட்டறை போட்டு மர பொம்மைக்கு மாறினார்கள். நம் பக்கத்துக் கர்நாடகத்தில் சென்னபட்டணத்துக் கடைசல் பொம்மையைப் பார்த்திருப்பீர்கள் அல்லவா, அதுபோல.

உங்களிடம் இருப்பது சிப்பாய் இல்லை. சுரங்கத் தொழிலாளி, விசேஷ நாளில் போடும் சீருடையில். அந்த மலைத்தொடரின் பெயர் எர்ட்ஸ்கெபிர்கெ. தாது மலை என்று அர்த்தம். 1168-ல் ஃப்ரைபெர்க்கில் வெள்ளி கிடைத்ததில் தொடங்கி, வெள்ளி, வெள்ளீயம், கோபால்ட் என்று எண்ணூறு வருஷம் தோண்டிய மலை. குளிர்காலத்தில் விடியுமுன் குழிக்குள் இறங்கி, இருட்டிய பிறகு மேலே வருவார்கள். வாரக்கணக்கில் வெயிலே கண்ணில் படாது. அதனால் டிசம்பர் வந்தால் ஜன்னலெல்லாம் விளக்கு வைப்பது அங்கே வழக்கம். வீட்டில் ஒவ்வோர் ஆண் பிள்ளைக்கும் ஒரு சுரங்கத் தொழிலாளி, ஒவ்வொரு பெண்ணுக்கும் ஒரு தேவதை. தெருவில் நடந்தபடியே எந்த வீட்டில் எத்தனை பிள்ளைகள் என்று எண்ணிவிடலாம்.

ஓமாவின் ஜன்னலில் இரண்டு தேவதைகளும் ஒரு தொழிலாளியும் நிற்பார்கள். அந்தத் தொழிலாளிக்கு மூக்கு கிடையாது. மகன் சின்ன வயசில் கடித்துத் துப்பிவிட்டானாம். ஆலை மூடியதும் அந்த மகன் வேலை தேடி மேற்கு ஜெர்மனிப் பக்கம் பவேரியா போனவர்தான், அங்கேயே தங்கிவிட்டார். ஓமா வருஷா வருஷம் அந்த பொம்மையைத் துடைத்து, கையில் புது மெழுகுவத்தி செருகி, கண்ணாடி ஓரத்தில் நிறுத்துவார்.

இந்த அழகோடு நிறுத்தினால் பாதிக் கதைதான் சொன்னதாகும். அதே மலையில் இன்னொரு தாதுவும் இருந்தது. கறுப்பாக, கனமாக, எதற்கும் உதவாதது என்று பழைய சுரங்கக்காரர்கள் ஒதுக்கிய கல். அது தலைகாட்டினால் வெள்ளி தீர்ந்தது, துரதிர்ஷ்டம் என்று நினைத்தார்கள். 1789-ல் கிளாப்ரோத் என்ற வேதியியலாளர், அந்தப் பக்கத்து யோகான்கெயோர்கென்ஷ்டாட் சுரங்கத்துக் கல்லிலிருந்துதான் யுரேனியத்தைக் கண்டறிந்தார். போர் முடிந்ததும் சோவியத் ராணுவம் அதைத் தேடி வந்தது. 1947-ல் நிறுவனம் தொடங்கினார்கள். வைத்த பெயர் 'விஸ்முட்'. அப்படியென்றால் பிஸ்மத் என்ற சாதாரண உலோகம். யுரேனியம் என்று யாரும் வாய்விட்டுச் சொல்லக் கூடாது என்பதற்காக வைத்த பெயர்.

ஆரம்ப வருஷங்களில் ஆட்களைக் கட்டாயப்படுத்தியும் கொண்டுவந்தார்கள். தண்ணீர் பாய்ச்சாமல் காய்ந்த பாறையைத் துளையிட்டதால் தூசி அப்படியே நெஞ்சுக்குள் போனது. கூடவே யுரேனியப் பாறையிலிருந்து கசியும் ரேடான் என்ற கதிர்வீச்சு வாயு. கல்தூசியால் நுரையீரல் கெடும் சிலிகோசிஸிலும் நுரையீரல் புற்றுநோயிலும் போனவர்கள் ஆயிரக்கணக்கில். சம்பளம் நன்றாக இருந்தது, கடைகளில் தனிச் சலுகை இருந்தது, மலிவு விலையில் சாராயமும் கொடுத்தார்கள். அந்தச் சாராயத்துக்குத் தொழிலாளர்களே வைத்த பட்டப்பெயர் 'கூட்டாளியின் சாவு'. யோகான்கெயோர்கென்ஷ்டாட்டின் பழைய ஊரைச் சுரங்கத்துக்காக இடித்தே விட்டார்கள். விஸ்முட் 1990 வரை இங்கேயும் பக்கத்து மாவட்டங்களிலும் எடுத்தது இரண்டு லட்சம் டன்னுக்கு மேல் யுரேனியம்.

ஒரு நல்ல சேதியும் சொல்லிவிடுகிறேன். ஷ்லேமா என்ற ஊர் போருக்கு முன் புகழ்பெற்ற மருத்துவக் குளியல் ஊர். சுரங்கம் அதைத் தின்றுவிட்டது. இரண்டு ஜெர்மனியும் ஒன்றான பின் அரசு பணம் போட்டு, கழிவு மேடுகளை மண்ணால் மூடி, புல்லும் மரமும் வைத்தது. நான் போனபோது அங்கே ஒரு பூங்காவில் கிழவர்கள் பெஞ்சில் உட்கார்ந்து வெயில் காய்ந்துகொண்டிருந்தார்கள். எதிரில் வருகிறவருக்கு வணக்கம் சொல்லாமல் 'க்ளூக் அவுஃப்' என்றார்கள். குழிக்குள் இறங்குகிறவனுக்குச் சொல்லும் வாழ்த்து அது.

கொலுவில் அந்த பொம்மையை வைக்கும்போது யாராவது கேட்டால் இதையும் சொல்லுங்கள்.

கேள்வி: அட்டையில் செய்த கார் அந்த மாவட்டத்தில் ஓடியதாமே, மழையில் நனைந்தால் கரைந்துவிடாதா?
*— மெக்கானிக், கோவை*

அட்டை இல்லை தம்பி. சோவியத்திலிருந்து வந்த பஞ்சுக் கழிவையும் ஃபீனால் பிசினையும் சேர்த்து, சூட்டில் அழுத்தி எடுத்த பலகை. டூரோபிளாஸ்ட் என்பார்கள். தகரம் கிடைக்காத நாட்டில் கண்டுபிடித்த வழி. துருப்பிடிக்காது, கரையாது. அடியில் சட்டம் இரும்புதான், அதுதான் துருப்பிடிக்கும். கார் பெயர் டிராபண்ட். 1957 முதல் 1991 ஏப்ரல் வரை ட்ஸ்விக்காவில் முப்பது லட்சத்துக்கு மேல் செய்தார்கள். பதிவு செய்துவிட்டுப் பத்து வருஷத்துக்கு மேல் காத்திருக்க வேண்டும். பிள்ளை பிறந்ததும் பெயரைப் பதிந்து வைத்தவர்கள் உண்டு.

உங்களுக்குப் பிடிக்கும் விஷயம் சொல்கிறேன். இரண்டு சிலிண்டர், டூ ஸ்ட்ரோக், 26 குதிரைச் சக்தி. பெட்ரோலில் ஐம்பதுக்கு ஒன்று ஆயில். பெட்ரோல் டேங்க் முன்னால், பானட்டுக்குள்ளேயே. பெரும்பாலான வண்டியில் பெட்ரோல் முள் கிடையாது. ஓமாவின் வண்டியில் ஒரு நீளக் குச்சி இருக்கும். பானட்டைத் தூக்கி, டேங்க் மூடியைத் திறந்து, குச்சியை விட்டு எடுத்து, எவ்வளவு நனைந்திருக்கிறது என்று பார்ப்பார். நம் வீட்டில் மண்ணெண்ணெய் டின்னில் ஈர்க்குச்சி விட்டுப் பார்ப்போமே, அதே கை, அதே கண். அந்த வண்டியின் பழைய நம்பர் பலகையையும் நிலவறையில் மாட்டி வைத்திருந்தார். கார்ல்-மார்க்ஸ்-ஷ்டாட் மாவட்ட வண்டி என்றால் 'டி' அல்லது 'எக்ஸ்' என்ற எழுத்தில் தொடங்கும்.

கேள்வி: மக்களே ஓட்டுப் போட்டு மார்க்ஸ் பெயரை எடுத்தார்கள் என்று படித்தேன். அப்படியானால் மார்க்ஸ் சிலையை மட்டும் ஏன் விட்டுவைத்தார்கள்? பெயரை எடுத்தது சரிதானா?
*— கல்லூரி மாணவர், திருச்சி*

ஓட்டு நடந்தது உண்மை. 1990 ஏப்ரலில் 76 சதவீதம் பேர் கெம்னிட்ஸ் வேண்டும் என்றார்கள். ஜூன் 1-ம் தேதி பெயர் திரும்பியது. அக்டோபர் 3-ம் தேதி மாவட்டமே கலைந்து சாக்ஸனி மாநிலம் மறுபடி வந்தது.

சரியா என்று கேட்டால், சரிதான் என்பேன். பெயர் வைத்தபோது அந்த ஊர் ஜனங்களிடம் யாரும் கேட்கவில்லை. எடுத்தபோது கேட்டார்கள். எனக்கு அந்த ஒன்று போதும்.

அந்த ஓட்டு எப்படி வந்தது என்பதையும் தெரிந்துகொள்ளுங்கள். ஜனங்கள் அரசை எதிர்த்துத் தெருவில் இறங்கிய 1989 இலையுதிர் காலம் என்றால் எல்லாரும் லைப்சிக், பெர்லின் என்பார்கள். ஆனால் அக்டோபர் 7-ம் தேதி, அரசு தன் நாற்பதாவது ஆண்டு விழா கொண்டாடிய அதே நாளில், இந்த மாவட்டத்துப் பிளாவன் ஊரில் பத்தாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் தெருவில் இறங்கினார்கள். லைப்சிக்கின் பெரிய ஊர்வலத்துக்கு இரண்டு நாள் முன்னால். சில நாள் முன்புதான், பிராகில் உள்ள மேற்கு ஜெர்மன் தூதரகத்தில் தஞ்சம் புகுந்த கிழக்கு ஜெர்மானியர்களை ஏற்றிய ரயில்கள் பிளாவன் வழியாகப் போயிருந்தன. கூட்டத்துக்கு அழைப்பு என்ன தெரியுமா? ஓர் இளைஞர் டைப்ரைட்டரில் அடித்து ஊருக்குள் ஒட்டிய துண்டுத் தாள்கள். கூட்டத்தின்மேல் தீயணைப்பு வண்டிகளை விட்டுத் தண்ணீர் பீய்ச்சினார்கள். கலையவில்லை. தோமாஸ் கூட்லர் என்ற பாதிரியார் நடுவில் நின்று பேசி, ரத்தம் சிந்தாமல் முடித்துவைத்தார். அந்த ஊருக்குக் கிடைக்க வேண்டிய பெயர் இன்னும் முழுதாகக் கிடைக்கவில்லை என்பது என் மனக்குறை.

இனி சிலை. 1971-ல் வைத்தது. செய்தவர் லெவ் கெர்பெல் என்ற சோவியத் சிற்பி. உடம்பு கிடையாது, வெறும் தலை. தலை மட்டும் ஏழு மீட்டர், பீடத்தோடு பதின்மூன்று மீட்டருக்கு மேல். வெண்கலம், நாற்பது டன். பின்னால் நிற்கும் கட்டடம்தான் அந்த மாவட்டத்தின் தலைமை அலுவலகமாக இருந்தது. ஆட்சிக் குழு, கட்சி எல்லாம் அங்கேதான். அதன் சுவரில் 'உலகத் தொழிலாளர்களே ஒன்றுபடுங்கள்' என்று நான்கு மொழியில் பொறித்திருக்கும். ஊர்ப் பேச்சில் அந்தத் தலைக்கு 'நிஷெல்' என்று பெயர். சாக்ஸனிக் கொச்சையில் மண்டை. "மண்டைகிட்ட அஞ்சு மணிக்கு வந்துடு" என்று சொல்லித்தான் சந்திப்பார்கள். நானும் எத்தனையோ தடவை அங்கே நின்று காத்திருக்கிறேன். பனிக்காலத்தில் தலையில் அரை அடி வெள்ளைத் தொப்பி போட்டிருப்பார்.

எடுத்துவிட வேண்டும் என்று அப்போது விவாதம் நடந்தது. கடைசியில் இருக்கட்டும் என்று விட்டார்கள். பெயர் ஒவ்வொருவரின் முகவரியிலும் ஏறி உட்கார்ந்திருந்தது, அதை எடுக்க வேண்டியிருந்தது. தலை தெருவில் நிற்கிறது, அதன் நிழலில் பிள்ளைகள் ஸ்கேட்போர்டு விடுகிறார்கள்.

விருதுநகர் வாசகியின் கடிதத்தின் அடியில் இன்னொரு கேள்வியும் இருந்தது: சம்பந்தியம்மா அந்தக் காலத்தில் காலுறை ஆலையில் வேலை பார்த்தவராம். அவரிடம் அந்தக் காலத்தைப் பற்றிப் பேசலாமா? மனம் புண்படுமா?

பேசுங்கள் சகோதரி. ஆனால் எடுத்த எடுப்பில் "உளவாளிகள் இருந்தார்களாமே, வாழைப்பழமே கிடைக்காதாமே" என்று தொடங்காதீர்கள். உளவு இருந்தது, தட்டுப்பாடு இருந்தது, எல்லாம் உண்மை. ஆனால் வெளியூரிலிருந்து வருகிற எல்லாரும் அதையே கேட்டுக் கேட்டு அவர்களுக்குச் சலித்துவிட்டது.

அவர் வேலை பார்த்த பெண் என்பதை மறக்காதீர்கள். அந்த நாட்டில் பத்துப் பெண்களில் ஒன்பது பேர் வேலையிலோ படிப்பிலோ இருந்தார்கள். அந்த மாவட்டத்தின் நெசவாலைகளும் காலுறை ஆலைகளும் பெரும்பாலும் பெண்கள் கையில்தான் ஓடின. 1990-க்குப் பிறகு ஆலைகள் வரிசையாக மூடின. நாற்பது வயசில், கையில் முழுத் தொழிலோடு, "நீ இனி வேண்டாம்" என்று பிறர் சொல்லக் கேட்டவர்கள் அவர்கள். ஷார்ஃபென்ஷ்டைனில் ஒரு குளிர்பதனப் பெட்டி ஆலை இருந்தது. 1993-ல், ஓசோன் படலத்தைக் கெடுக்கும் வாயு இல்லாத பெட்டியை முதலில் சந்தைக்குக் கொண்டுவந்தவர்கள் அவர்கள்தான். இன்று உங்கள் ஃபிரிட்ஜின் பின்புறம் 'ஆர்600ஏ' என்று வாயுவின் பெயர் போட்ட ஒரு சீட்டு ஒட்டியிருந்தால், அந்த வழியில் வந்ததுதான். உலகமே அந்த வழிக்கு வந்தது. அந்த நிறுவனம் சில வருஷத்தில் திவாலாகிவிட்டது. கெம்னிட்ஸ் ஜனத்தொகை மூன்று லட்சத்துக்கு மேல் இருந்தது, இன்று இரண்டரை லட்சத்தை ஒட்டி இருக்கிறது. ஓமாவின் மகன் மாதிரிப் போனவர்கள்தான் மீதி.

ஆகவே சம்பந்தியம்மாவிடம் வேலையைப் பற்றிக் கேளுங்கள். எந்த இயந்திரம், எத்தனை மணி ஷிஃப்ட், பிள்ளையை யார் பார்த்துக்கொண்டார்கள், இடைவேளையில் என்ன சாப்பிட்டார்கள். உங்களுக்காக ஒரு ஜெர்மன் வாக்கியத்தைத் தமிழ் எழுத்தில் எழுதித் தருகிறேன், மகளிடம் சொல்லிப் பழகிக்கொள்ளுங்கள்: "வோ ஹாபென் ஸீ ஃப்ரூயர் கெஆர்பைடெட்?" முன்பு எங்கே வேலை பார்த்தீர்கள் என்று அர்த்தம்.

நான் ஓமாவிடம் முதன்முதலில் ஒழுங்காகப் பேசிய ஜெர்மன் வாக்கியம் இதுதான். அவர் காபியை வைத்துவிட்டு எழுந்துபோய் ஒரு அலமாரியைத் திறந்தார். மெல்லிய தாளில் சுற்றிய ஒரு ஜோடிக் காலுறையை எடுத்து வந்து, ஒன்றை முழங்கை வரை மாட்டி, ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துக் காட்டினார். ஓர் இழைகூட விலகியிருக்கவில்லை. "இது என் இயந்திரத்தில் ஓடியது," என்றார். அதற்கப்புறம் ஒன்றரை மணி நேரம் அவர்தான் பேசினார்.